மால்டாவில் குளிர்கால விடுமுறை: பஸ்ஸை நம்பிப் போகலாமா?

டிசம்பர் முதல் பிப்ரவரி வரை மால்டா போகிறவர்கள் கார் எடுக்கத் தேவையில்லை. பஸ்ஸே போதும். ஆனால் தலைநகர் வலெட்டாவிலோ, அதை ஒட்டிய ஃப்ளோரியானாவிலோ தங்கினால்தான் இது பொருந்தும். வாடகை குறைவு என்று வடக்கே புஜிபா, மெல்லியஹா பக்கம் அறை எடுத்தால், மிச்சம் பிடித்த காசு டாக்ஸிக்குப் போய்விடும்.

தீவின் நீளமே 27 கிலோமீட்டர்தான். வரைபடத்தில் எல்லாம் கைக்கெட்டும் தூரம். ஆனால் வலெட்டாவிலிருந்து வடமுனையில் இருக்கும் சிர்கெவ்வா படகுத்துறைக்கு 41ஆம் நம்பர் பஸ் போய்ச் சேர ஒன்றேகால் மணி நேரம் பிடிக்கும், மாலை நெரிசலில் அதற்கும் மேல். கோடையில் இது பெரிய விஷயமில்லை, இரவு எட்டு வரை வெளிச்சம் இருக்கும். டிசம்பரில் ஐந்து மணிக்கு முன்பே சூரியன் மறைந்துவிடுவதால், பஸ்ஸில் போகும் ஒவ்வொரு மணி நேரமும் பகல்பொழுதில் விழும் வெட்டு.

இந்தச் சேவையின் பெரிய குறை தாமதம் அல்ல, நிறைந்த பஸ். உள்ளே இடமில்லை என்றால் டிரைவர் நடுவழி நிறுத்தத்தில் நிற்காமல் போய்விடுவார், அடுத்ததும் அப்படியே போகலாம். (இடம் இருந்தாலும் கை காட்டாவிட்டால் நிற்காது, சும்மா நிறுத்தத்தில் நின்றுகொண்டிருந்தால் போதாது.) இதற்கு ஒரே மருந்து, பஸ் கிளம்பும் இடத்திலேயே ஏறுவது. பெரும்பாலான தடங்கள் வலெட்டா நகர வாசலுக்கு வெளியே, ட்ரைட்டன் நீரூற்றைச் சுற்றியுள்ள நிலையத்திலிருந்துதான் கிளம்புகின்றன. அங்கே ஏறினால் உட்கார இடமும் கிடைக்கும். திரும்பும்போதுதான் சோதனை. பழைய கோட்டை நகரமான ம்தீனாவைப் பார்த்துவிட்டு வருகிறவர்கள், அதை ஒட்டிய ரபாத் நிறுத்தத்தில் சூரியன் மறைந்ததும் மொத்தமாகக் கூடுவார்கள். அரை மணி நேரம் முன்னால் கிளம்பிவிடுங்கள், அல்லது அங்கேயே இரவு உணவை முடித்துவிட்டு நிதானமாக வாருங்கள்.

ஹஜார் ஈம் என்ற கற்காலக் கோயில்களுக்கு எல்லோரும் 74ஆம் நம்பரில் போய், அதிலேயே திரும்புவதற்காகக் காற்றில் காத்து நிற்கிறார்கள். அது அடிக்கடி வரும் தடமல்ல. காலையில் 74இல் போய்க் கோயில்களைப் பார்த்துவிட்டு, அங்கிருந்து 201ஐப் பிடித்தால் டிங்லி வழியாக ரபாத்தில் இறங்கலாம். ஒரே நாளில் கோயில்கள், கடற்பாறைகள், ம்தீனா மூன்றும் முடிந்துவிடும். வந்த வழியே வலெட்டா திரும்பும் வேலை மிச்சம்.

கட்டணக் கணக்கு கோடைக்கும் குளிர்காலத்துக்கும் வேறு. கோடையில் 2.50 யூரோ வாங்கும் ஒற்றை டிக்கெட், அக்டோபர் நடுவிலிருந்து 2 யூரோ. இரண்டு மணி நேரத்துக்குள் பஸ் மாறினால் மறுபடி காசு இல்லை. தல்லின்யா கார்டு என்ற ஏழு நாள் பஸ் பாஸ் 25 யூரோ. நாளுக்குப் போக ஒன்று, வர ஒன்று என்று வைத்தால் ஏழு நாளுக்கு 28 யூரோ, அதாவது கார்டால் குளிர்காலத்தில் மிச்சமாவது வெறும் மூன்று யூரோ. நான்கைந்து நாள் தங்குகிறவர்களுக்கு நஷ்டமே. வங்கி அட்டையையே பஸ்ஸில் தட்டிவிட்டுப் போவது நல்லது.

படகுகளில்தான் குளிர்காலம் தன் வேலையைக் காட்டும். கிரிகால் என்று அவர்கள் சொல்லும் வடகிழக்குக் காற்று எழுந்தால் வலெட்டாவுக்கும் எதிர்க்கரையிலுள்ள ஸ்லீமாவுக்கும் இடையே ஓடும் சிறு படகு நின்றுவிடும். வலெட்டாவிலிருந்து முக்கால் மணி நேரத்தில் பக்கத்துத் தீவான கோஸோ சேர்க்கும் அதிவேகப் படகும் அப்படித்தான். சிர்கெவ்வாவிலிருந்து கோஸோவின் துறைமுகமான ம்ஜார் போகும் பெரிய கப்பல் பெரும்பாலும் தாக்குப்பிடிக்கும், கடப்பதற்கு 25 நிமிடம். அதற்குப் போகும்போது டிக்கெட் கிடையாது, கோஸோவிலிருந்து திரும்பும்போது மட்டும் 4.65 யூரோ. எனவே காலையில் காற்று சந்தேகமாக இருந்தால் பெரிய கப்பலில் போங்கள். மாலையில் கடல் அடங்கியிருந்தால் அதிவேகப் படகில் நேரே வலெட்டா திரும்பலாம், கப்பலுக்குக் காசு கொடுக்க வேண்டியதே இல்லை. கோஸோவுக்குள் பஸ்கள் அதன் முக்கிய ஊரான விக்டோரியாவில் கூடிப் பிரிவதால் ஒரே பகலில் மேற்குக் கரையிலுள்ள டுவெய்ரா தவிர இன்னொரு இடம்தான் பார்க்க முடியும். (டுவெய்ராவின் புகழ்பெற்ற கல் வளைவு 2017 மார்ச்சில் இடிந்து கடலில் விழுந்துவிட்டது, பழைய படங்களை நம்பிப் போகாதீர்கள்.) கார் வேண்டுமென்றால் கோஸோவில் மட்டும் ஒரு நாள் எடுக்கலாம். இங்கும் நம்மூர் போல இடப்பக்கம்தான் ஓட்டுகிறார்கள்.

பலத்த மழையில் ம்சீதா பள்ளத்தில் தண்ணீர் தேங்கும். வலெட்டாவிலிருந்து ஸ்லீமா போகும் பஸ்கள் அந்த வழியே போவதால் அங்கே சிக்கிக்கொள்ளும். அன்றைக்கு ஸ்லீமா திட்டத்தைத் தள்ளிவைத்துவிட்டு வலெட்டாவுக்குள்ளேயே புனித ஜான் துணைப் பேராலயத்தைப் பாருங்கள். கரவாஜியோ 1608இல் வரைந்த யோவானின் சிரச்சேத ஓவியம் அங்கேதான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை பார்வையாளர்களை விடுவதில்லை, கூர்குதி செருப்புக்கும் தடை. தரையடிக் கல்லறையான ஹிப்போஜியத்துக்கு ஒரு சுற்றுக்குப் பத்துப் பேர்தான். விமான டிக்கெட் போட்ட கையோடு இதற்கும் போட்டுவிடுங்கள், ஆள் குறைந்த சீசன் என்றாலும் கடைசி நேரத்தில் கிடைக்காது.

அறையைப் பற்றி ஒரு எச்சரிக்கை. பகலில் 16 டிகிரி, இரவில் 10 டிகிரி என்றால் பெரிய குளிராகத் தோன்றாது. ஆனால் இந்தச் சுண்ணாம்புக்கல் வீடுகள் வெயிலுக்காகக் கட்டப்பட்டவை. சுவர் ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்வதால் வெளியே நிற்பதைவிட உள்ளே உட்கார்ந்தால்தான் உடம்பு நடுங்கும், துவைத்த துணி இரண்டு நாளானாலும் காயாது. ஏசியில் சூடாக்கும் வசதி உண்டா, மின்சாரத்துக்குத் தனிக் காசா என்று முன்பதிவுக்கு முன்பே எழுதிக் கேட்டுவிடுங்கள். தடித்த கோட்டைவிட, காற்றும் மழையும் புகாத மெல்லிய மேலுடை ஒன்றுதான் இங்கே உபயோகம். குடை காற்றில் மடங்கிப்போகும்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் பட்டாணி வைத்த பஸ்திட்சி என்ற அடுக்கு மாவுப் பண்டத்தைப் பார்த்ததும் வாங்கிவிட வேண்டாம். பழைய முறையில் அந்த அடுக்கு மாவுக்குப் பன்றிக்கொழுப்பு சேர்ப்பார்கள், கேட்டுவிட்டு வாங்குங்கள்.

ஞாயிறன்று பஸ்கள் குறைவு. ஆனால் மீனவ ஊரான மார்சஷ்லொக்கின் மீன் சந்தைக்குக் கூட்டம் வருவதும் அதே நாள்தான். 81ஓ 85ஓ பிடித்து ஒன்பதுக்குள் போய், பதினொன்றுக்குள் திரும்பும் பஸ்ஸில் ஏறிவிட்டால் இடம் கிடைக்கும். மதிய உணவை அங்கே வைத்துக்கொண்டால் திரும்பி வரத் தொலைபேசிச் செயலியில் டாக்ஸி போட வேண்டியதுதான்.