ஒரோச்சி: மழை நாளில் அப்பாவுக்குச் சொன்ன படம்

மழை பெய்தால் தக்கலைப் பக்கம் எங்களுக்கு ரப்பர் வெட்டு கிடையாது. அப்படி ஒரு நாளில் அப்பாவைப் பக்கத்தில் உட்கார வைத்து, 1925-ல் வந்த ஜப்பானிய மௌனப் படமான ‘ஒரோச்சி’யை லேப்டாப்பில் போட்டேன். இயக்கம் புன்தாரோ ஃபுதாகாவா. நாயகன் ட்சுமசபுரோ பந்தோ.

அந்தக் காலத்து ஜப்பான் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் நின்று ஒருவர் கதை சொல்வார். பென்ஷி என்று பெயர். நான் பார்த்த பிரதியிலும் அப்படி ஒரு குரல் உண்டு. கீழே ஆங்கில எழுத்து. அப்பாவுக்கு இரண்டும் ஆகாது. சரி, சத்தத்தைக் குறைத்துவிட்டு நானே பென்ஷி ஆனேன்.

ஹெய்சபுரோ ஒரு சாமுராய். குரு வீட்டு விருந்தில் வம்பிழுத்தது வேறொருவன், பழி இவன் தலையில். குருவின் மகளைத் தப்பாகப் பேசியவர்களை அடித்தால் அதற்கும் இவனையே துரத்துகிறார்கள். அலைந்து திரிந்து, ஊரே கும்பிடும் ஜிரோசோவிடம் தஞ்சம் அடைகிறான். சோறு போட்டவர் என்று நம்பி அங்கேயே கிடக்கிறான்.

“அவன் சிரிப்பு சரியில்ல மக்களே” என்றார் அப்பா.

அவருக்குத் தெரியாதா? கூட்டாளிக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டு, ஆள் கம்பி நீட்டிய பிறகு நாலு வருஷம் ரப்பர் ஷீட் விற்ற காசைக் கட்டியவர்.

நடுவில், சாப்பாட்டுக் கடைப் பெண்ணைத் துரத்தும் பகுதி ஜவ்வு. அவளைத் தூக்கிக்கொண்டு போகும் இடத்தில் நாயகன்மேல் இருந்த பரிதாபமும் எனக்குப் பாதியாகிவிட்டது. பிரதி முழுக்கக் கீறல். இருந்தாலும் மிஞ்சியிருக்கிறதே! அகஸ்தீஸ்வரத்தில் 1975-ல் கண்மூடிய ஜே.சி. டேனியல், நிலத்தை விற்று எடுத்த மலையாளத்தின் முதல் மௌனப் படத்துக்கு இன்று பிரதியே இல்லை.

அப்பா சொன்னதுபோல ஜிரோசோ கெட்டவன்தான். அவனிடம் சிக்கும் குருவின் மகளையும் அவள் புருஷனையும் ஹெய்சபுரோ காப்பாற்றுகிறான். அதில் மூளும் கடைசிச் சண்டைக்காகவே பார்க்கலாம். பிடிக்க வந்த காவலர்கள் கயிறு வீசி வளைக்கிறார்கள். குடுமி அவிழ்ந்து முகத்தில் விழ, மூச்சு வாங்க, வெட்டிக்கொண்டே இருக்கிறான். ஒரு அடிக்குப் பத்துப் பேர் பறக்கும் கதை இல்லை. இவன் நம் கண்ணெதிரே களைத்துப் போகிறான். நான் கதை சொல்வதையே மறந்துவிட்டேன். அப்பாவும் கேட்கவில்லை.

அவனைக் கட்டி இழுத்துப் போகிறார்கள். கூட்டம் கெட்டவன் என்று ஏசுகிறது. அவன் காப்பாற்றிய குருவின் மகளுக்கும் அவள் புருஷனுக்கும் மட்டும்தான் நடந்தது தெரியும்.

“அந்த ரெண்டு பேரும் வாயத் தெறந்து ஒண்ணும் சொல்லலியா?” என்று கேட்டார் அப்பா.