அக்ளிமேஷன் பாக்ஸ்: ரவுடி மீனுக்கு பத்து நாள் லாக்கப்

சிக்ஸ்லைன் ராஸ்ங்கிற கடல் மீன் மேல ரொம்ப நாளா ஒரு கண்ணு, ஆனா அது எவ்ளோ பெரிய ரவுடின்னு மரைன் டேங்க் (கடல் மீன் தொட்டி) வச்சிருக்கிற எல்லாருக்கும் தெரியும், என்கிட்ட இருக்கிறதோ ஒரு ஜோடி க்ளவுன் மீன், ஒரு ராயல் கிராமா, நிழல் அசைஞ்சாலே ஒளிஞ்சுக்கிற ஒரு ஃபயர்ஃபிஷ். அதனால மீனுக்கு முன்னாடி புதுச பழசுங்களோட பழக்கிற இந்த அக்ளிமேஷன் பாக்ஸதான் வாங்கினேன்.

சாதா அக்ரிலிக் பெட்டிதாங்க, சுத்தி ஓட்டை, காந்தத்துல டேங்குக்குள்ள ஒட்டிக்கும். புதுசு உள்ள, பழசுங்க வெளிய, பாத்துக்கலாம் ஆனா கடிச்சுக்க முடியாது. டேங்க் தண்ணியே உள்ள போய்ட்டு வர்றதால மீன் கழிவுல வர்ற அம்மோனியா சேராது. அதுக்காக இத க்வாரண்டைன்னு நினைச்சுறாதீங்க, தண்ணி ஒண்ணுதானே, ஒயிட் ஸ்பாட்ங்கிற ஒட்டுண்ணி நோய் இருந்தா எல்லாத்துக்கும் பரவிடும், க்வாரண்டைன தனி டேங்க்ல முடிச்சிட்டுதான் நான் இதுல விட்டேன்.

முதல் நாள் பாத்தா பெரிய க்ளவுன்தான் அக்ரிலிக்ல மூக்க இடிச்சு இடிச்சு சண்டைக்கு நிக்குது, நம்ம ரவுடி நான் போட்ட பைப் துண்டுக்குள்ள பம்மிக்கிட்டு கிடக்கு! காலைல பாத்தா மேல சளி மாதிரி ஒரு மெல்லிசு பை, நோயோன்னு பதறிட்டேன், அப்புறம்தான் தெரிஞ்சுது இந்த ஜாதி ராஸ் ராத்திரி அப்படி கூடு கட்டிதான் தூங்குமாம். நாலாம் நாள் க்ளவுனுக்கே போரடிச்சு போச்சு. பத்தாம் நாள் ரெண்டு பாறைய இடம் மாத்தி, லைட்ட அணைச்சிட்டு திறந்து விட்டேன், ஒரு சண்டையும் இல்ல.

குறைன்னா மூடிதான். ஓரத்துல விரல் நுழையற இடைவெளி, ராஸ் குதிக்கிற மீனுன்னு டிசைன் பண்ணவங்களுக்கு யாரும் சொல்லல போல, நான் வலைத்துணி வச்சு கட்டினேன். காந்தமும் ஒரு தடவ வழுக்கி பாக்ஸ் சாஞ்சிருச்சு. பாசிய தேய்ச்சா கீறல் வேற.

இன்னொண்ணு, பழசுங்க புதுசுகிட்ட எப்படி நடந்துக்கும்னுதான் இது காட்டும். புதுசுக்கு சொந்தமா ஒரு பொந்து கிடைச்சப்புறம் அது என்ன பண்ணும்னு காட்டாது. மூணாவது வாரம் நம்மாளு ஃபயர்ஃபிஷ்ஷ விரட்ட ஆரம்பிச்சிட்டான். பாறைக்குள்ள புகுந்துக்கிற ராஸ்ஸ பிடிக்கிறதுக்குள்ள பாதி பாறைய வெளிய எடுக்க வேண்டியதா போச்சு. இப்ப மறுபடி பாக்ஸ்குள்ள, இன்னைக்கு நாலாவது நாள், ஃபயர்ஃபிஷ் வெளிய வந்து சாப்பிடுது. மூணரை ஸ்டார், மூடிய சரி பண்ணா நாலு.