பழைய மங்களூர் ஓடு வாங்கப் போகிறீர்களா? முதலில் திருப்பிப் பாருங்கள்

அம்பாசமுத்திரம் பக்கம் எங்கள் ஊர் வீட்டுக்குப் பழைய மங்களூர் ஓடு போட்டு ஒன்றரை வருஷம் ஆகிறது. இரண்டு கோடை, ஒரு ஐப்பசி கார்த்திகை பார்த்தாச்சு. இனி தைரியமாக எழுதலாம்.

அதற்கு முன் இருந்தது நாட்டு ஓடு, அதாவது சின்னச் சின்ன வளைவு ஓடு. தாத்தா கட்டிய மண் சுவர் வீடு, மேலே பனங்கை, அதாவது பனைமரச் சட்டம். இரண்டு மூன்று வருஷத்துக்கு ஒருமுறை ஓடு மாற்ற ஆள் தேட வேண்டும், மயில் வந்து ஒரு நடை நடந்தால் பத்து ஓடு காலி. 2023 டிசம்பர் 17, 18-ல் பெய்ததே, காயல்பட்டினத்தில் 95 செ.மீ. கொட்டிய அதே மழை, அன்றைக்கு அம்மா ராத்திரி முழுக்கப் பட்டாசலில் (வீட்டின் கூடத்தில்) குண்டானும் சருவமுமாக வைத்துத் தண்ணீர் பிடித்துக் கொண்டிருந்தார். அப்புறம்தான் முடிவெடுத்தோம். காங்கிரீட் போட அந்தச் சுவர் தாங்காது. தகர ஷீட் போட்ட சித்தப்பா வீட்டில் மத்தியானம் 12 மணிக்கு மேல் யாரும் உள்ளே இருப்பதில்லை, எல்லாரும் வேப்பமரத்தடியில்தான். புது மங்களூர் ஓடு விலை எங்களுக்குக் கட்டுப்படியாகவில்லை. மிச்சம் பழைய ஓடுதான்.

பழைய ஓட்டுக்கு இப்போது பஞ்சமே இல்லை. எந்த ஊருக்குப் போனாலும் ஓட்டு வீட்டை இடித்துக் காங்கிரீட் போடுகிறார்கள். அரசு 2024-ல் கொண்டுவந்த கலைஞரின் கனவு இல்லத் திட்ட வீட்டுக்கும் 360 சதுர அடியில் 300 சதுர அடி காங்கிரீட் கூரைதான். அப்படி இறக்கிய ஓடெல்லாம் பழைய சாமான் கடைகளில் கோபுரமாக அடுக்கிக் கிடக்கிறது.

ஒரு கடையில் ஒன்று 18 ரூபாய் என்று பேசி 1,800 ஓடு எடுத்தோம். கணக்கு இதுதான்: ஒரு சதுரம், அதாவது 100 சதுர அடிக்கு, சுமார் 140 முதல் 150 ஓடு பிடிக்கும். எங்கள் கூரை 11 சதுரத்துக்குக் கொஞ்சம் மேல், உடைசலுக்கும் சேர்த்துக் கொண்டோம். கடைக்காரர் ஒரு ஓட்டைத் திருப்பிக் காட்டி, "சார், 1865-ன்னு போட்டிருக்கு பாருங்க, ஆன்டிக் பீஸு" என்றார். நானும் வாயைப் பிளந்தேன். வீட்டுக்கு வந்து தேடிப் பார்த்தால், அது ஜெர்மன்காரர் ஜார்ஜ் பிளெப்ஸ்ட் மங்களூரில் பாசல் மிஷன் என்ற கிறிஸ்தவ அமைப்புக்காக ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய வருஷம். அந்த மிஷன் ஓட்டில் எல்லாம் அந்த வருஷத்தைத்தான் அச்சு குத்தியிருப்பார்கள், ஓடு சுட்ட வருஷம் இல்லை. சரி, அது போகட்டும், ஓடு நல்ல ஓடுதான்.

வினை வந்தது வேறு இடத்தில். லாரியில் மேல் வரிசையெல்லாம் ஒரே முத்திரை, கீழே போகப் போக வேறு இரண்டு கம்பெனி ஓடு. எனக்கு வித்தியாசமே தெரியவில்லை, எல்லாம் சிவப்பாக ஒரே மாதிரிதான் இருந்தது. ஆசாரி நாலு ஓட்டை எடுத்து ஒன்றோடு ஒன்று பொருத்திப் பார்த்துவிட்டு, "தம்பி, ஒரே கம்பெனி ஓடுன்னா ஏத்துதேன், இல்லைன்னா என்னைய விட்ருங்க" என்று பீடியைப் பற்ற வைத்துத் திண்ணையில் உட்கார்ந்துவிட்டார்.

அவர் சொன்னது முழுக்க சரி. மங்களூர் ஓட்டின் உயிரே ஓரத்தில் இருக்கும் அந்த வரிப்பள்ளத்தில்தான். ஒரு ஓட்டின் விளிம்பு பக்கத்து ஓட்டின் பள்ளத்தில் போய் உட்கார வேண்டும். கம்பெனிக்குக் கம்பெனி அச்சு கொஞ்சம் மாறும், நூலளவு மாறினாலும் போதும், ஓடு தூக்கிக்கொண்டு நிற்கும், சாரல் அடித்தால் தண்ணீர் நேரே உள்ளே. ஓடு மாட்டுகிற குறுக்குச் சட்டமான ரீப்பரின் இடைவெளியையும் ஓட்டின் நீளத்தைப் பார்த்துத்தான் வைக்கிறார்கள், பாதிக் கூரையில் ஓடு மாறினால் அந்தக் கணக்கும் போச்சு.

கடைக்காரரிடம் போனால், "ஓடு ஓடுதானே சார்" என்கிறார். மூன்று நடை நடந்து, கடைசியில் வேறு கம்பெனி ஓடாக வந்த 700-ல் 300-ஐ மாற்றிக் கொடுத்தார், மீதி 400 எங்கள் தலையில். அதற்கு ஈடாக வேறொரு ஊரில் இடித்த வீட்டிலேயே போய் எண்ணி எடுத்து வந்தோம், அது ஒன்று 15 ரூபாய்தான். கடைக்காரர் தலையில் கட்டிய 400-ல் கோழிக்கூடு கட்டியாச்சு. கோழிகள் எங்களைவிடத் தாராளமாக இருக்கின்றன.

ஆகவே ஓட்டைத் திருப்பி முத்திரையைப் பாருங்கள், மேல் வரிசையை மட்டும் இல்லை, நடுவில் உருவிப் பாருங்கள். விரல் முட்டியால் தட்டுங்கள், நன்றாகச் சுட்ட ஓடு வெண்கலம் மாதிரி கணீரென்று கேட்கும், கீறல் இருந்தால் பொத்தென்று கேட்கும். ரீப்பரில் மாட்டுகிற பின்பக்கக் குமிழ் உடைந்திருந்தால் அந்த ஓடு வேண்டாம். பாசியைப் பற்றிக் கவலையே படாதீர்கள், தேய்த்தால் போய்விடும்.

பழைய கூரையின் வாட்டம், அதாவது சரிவு, போதாது என்று ஆசாரி முகட்டை ஒன்றரை அடி தூக்கினார். இதற்குத் தனியாகக் காசு ஆனது, மரத்துக்கும்தான், அம்மா முனகினார். ஆனால் வாட்டத்தில் கஞ்சத்தனம் பண்ணினால் எவ்வளவு நல்ல ஓடும் ஒழுகும். பனங்கையில் கரையான் ஏறாததை மட்டும் திரும்பப் பயன்படுத்தினோம், பாதிக்கு மேல் தேறியது, கறுத்து வைரம் பாய்ந்த பனை, ஆணி இறங்கவே மாட்டேன் என்றது.

இப்போது எப்படி இருக்கிறது? சித்திரை வெயிலில் பட்டாசலில் ஒரே ஒரு ஃபேனில் தூங்கலாம். ஓட்டு இடுக்கு வழியே சூடு மேலே போய்விடுகிறது. மழை பெய்தால் ஷீட் வீடு மாதிரி பேச்சை நிறுத்த வேண்டியதில்லை. அடுக்களையில் நாலு கண்ணாடி ஓடு போட்டோம், காலையில் அம்மியின் மேல் வெளிச்சம் விழுகிறது, பகலில் லைட்டே போடுவதில்லை. ஒரு ஓடு உடைந்தால் கீழிருந்தே தள்ளிவிட்டு நானே மாற்றிவிடுகிறேன், பத்து நிமிஷ வேலை.

குறையும் உண்டு. தூசி விழும், தினமும் கட்டிலைத் தட்டாமல் படுக்க முடியாது. அணில் கூடு கட்டுகிறது. ஏசி போட ஆசைப்படுகிறவர்கள் இந்தப் பக்கமே வராதீர்கள், அத்தனை குளிரும் முகட்டு வழியாக ஊருக்குப் போய்விடும். குரங்கு ஒன்று ஓட்டைத் தூக்கிப் பார்க்கக் கற்றுக்கொண்டது, அதனால் தாவாரத்து (கூரையின் கீழ் ஓரத்து) வரிசையை மட்டும் கம்பி போட்டுக் கட்டியிருக்கிறோம்.

ஓட்டுக்கு ஐந்துக்கு நாலரை. அந்தக் கடைக்கு ஒன்று, அதுவும் லாரி சொன்ன நேரத்துக்கு வந்ததற்காக. ஆசாரிக்கு ஐந்துக்கு ஐந்து கொடுத்திருப்பேன், ஆனால் திண்ணைக் கூரையும் பெரிய கூரையும் சேருகிற பள்ளத்தில் இன்னும் சொட்டுகிறது. தீபாவளி கழித்து வருகிறேன் என்றிருக்கிறார். போன தீபாவளிக்கும் அப்படித்தான் சொன்னார், அதனால் அங்கே வைத்த வாளியை இன்னும் எடுக்கவில்லை.