மினி டெஸ்லா காயில் கிட்: ஒரு மாலை சால்டர் வேலை, ஒரு சென்டிமீட்டர் மின்னல்

பெட்டியில் "இலவச ஆற்றல்", "வயர்லெஸ் மின்சாரம்" என்று என்ன அச்சடித்திருந்தாலும் அதை மறந்துவிட்டு வாங்கினால், குறைந்த வோல்ட்டை மிக அதிக வோல்ட்டாக ஏற்றிச் சின்ன மின்னல் விடும் இந்த டெஸ்லா காயில் கிட் கொடுத்த காசுக்கு மோசமில்லை. ஆன்லைனில் பல பெயர்களில் விற்றாலும் உள்ளே இருக்கும் சரக்கு கிட்டத்தட்ட ஒன்றுதான்: உள்ளங்கைக்குள் அடங்கும் பிசிபி (பாகங்களைப் பொருத்தும் சர்க்யூட் அட்டை), ஏற்கெனவே சுற்றி வரும் செகண்டரி காயில் (மின்னல் விடும் பெரிய சுருள்), பிரைமரிக்கு (அதைத் தூண்டும் சின்னச் சுருளுக்கு) தடித்த வயர், மின்சாரத்தை வேகமாகத் திறந்து மூடும் ஒரு ஐஆர்எஃப்530 மாஸ்ஃபெட், ஒரு பிடி243 டிரான்சிஸ்டர், சூட்டை வெளியேற்ற இரண்டு அலுமினிய ஹீட் சிங்க், பாட்டு கொடுக்க 3.5 மி.மீ. ஜாக், மற்ற சில்லறைப் பாகங்கள். அடாப்டர் பெரும்பாலும் வராது. 15 முதல் 24 வோல்ட் வரை ஓடும் என்பார்கள். 24 வோல்ட், 2 ஆம்பியர் அடாப்டராகவே வாங்கிவிடுங்கள். வீட்டில் சும்மா கிடக்கும் 12 வோல்ட் ரவுட்டர் அடாப்டரைச் செருகிவிட்டு மின்னல் வரவில்லை என்று குறைப்பட்டால் அது கிட்டின் குற்றமில்லை.

இது ஒத்ததிர்வில், அதாவது சரியான சுருதியில் தட்டத் தட்ட அதிர்வு பெருகுவதில், ஓடும் கருவி. செகண்டரியில் மெல்லிய எனாமல் கம்பி நூற்றுக்கணக்கான சுற்று. அந்தச் சுருளுக்கென்று ஒரு சுருதி உண்டு, நொடிக்கு லட்சக்கணக்கான அதிர்வுகள். பிரைமரி அதே சுருதியில் தட்டினால்தான் மேல் முனையில் ஆயிரக்கணக்கான வோல்ட் ஏறும். இந்த சர்க்யூட்டின் கெட்டிக்காரத்தனம், செகண்டரியின் அடிமுனையிலிருந்தே சிக்னலை வாங்கித் தன் சுருதியைத் தானே சேர்த்துக்கொள்வது. காயிலுக்குப் பக்கத்தில் கையைக் கொண்டுபோனால் அதிர்வெண் கொஞ்சம் இறங்கும். சர்க்யூட்டும் கூடவே இறங்கும். திருகி ட்யூன் செய்ய எதுவும் இல்லாததற்குக் காரணம் இதுதான்.

பொருத்துவதில் ரெசிஸ்டர், எல்இடி, கெபாசிட்டர், ஜாக் என்று உயரம் குறைந்ததிலிருந்து போங்கள். மாஸ்ஃபெட்டும் டிரான்சிஸ்டரும் கடைசி. இங்கேதான் நிறையப் பேர் மாட்டுவார்கள். மாஸ்ஃபெட்டின் முதுகுத் தகடு அதன் டிரெயின் முனையோடும், டிரான்சிஸ்டரின் முதுகு அதன் கலெக்டர் முனையோடும் உள்ளுக்குள் இணைந்தவை. இரண்டு ஹீட் சிங்க்கும் ஒன்றையொன்று தொட்டால் ஷார்ட், மாஸ்ஃபெட் போச்சு. நடுவில் ஒரு தீக்குச்சி நுழையும் இடைவெளியாவது இருக்கட்டும். தெர்மல் பேஸ்ட் மெல்லிசாகத் தடவினால் போதும்.

அடுத்த வில்லன் எனாமல். செகண்டரியின் அடிமுனைக் கம்பி பளபளவென்று செம்பு நிறத்தில் இருப்பதால் அப்படியே சால்டர் வைக்கத் தோன்றும். மேலே வார்னிஷ் இருக்கிறது. ஈயம் உருண்டு நிற்கும், பிடிக்காது. மெல்லிய உப்புத்தாளால் ஒரு சென்டிமீட்டர் சுரண்டிவிட்டு வையுங்கள். அழுத்திச் சுரண்டினால் கம்பி அறுந்துவிடும், முடி கனம்தான்.

முதலில் குறைந்த வோல்ட்டில், மேல் முனைக்குப் பக்கத்தில் ஒரு பழைய சிஎஃப்எல் பல்பைக் காட்டுங்கள். எந்த வயரும் இல்லாமல் எரிந்தால் காயில் அதிர்கிறது என்று அர்த்தம். எரியாவிட்டால் பிரைமரியின் இரண்டு முனைகளையும் இடம் மாற்றுங்கள். சுற்று திசை தலைகீழாக இருந்தால் சர்க்யூட் துவங்காது. பிறகு 24 வோல்ட். மின்னல் தானாக வராவிட்டால் பிளாஸ்டிக் பிடி போட்ட ஸ்க்ரூடிரைவரால் முனையை ஒருமுறை தொட்டு எடுங்கள். ஊதா நிறத்தில் சுமார் ஒரு சென்டிமீட்டர் நாக்கு, கூடவே ஓசோன் வாடை.

ஜாக்கில் பாட்டு கொடுத்தால் மின்னலிலிருந்தே பாட்டு கேட்கிறது, ஆனால் தவிலை எதிர்பார்க்காதீர்கள், புல்லாங்குழல் பரவாயில்லை. அவ்வளவு சின்ன மின்னலால் அடிநாதத்தைத் தள்ள முடியாது. ஜாக்கில் நல்ல மொபைலைச் செருகுவதும் வேண்டாம், பழைய எம்பி3 பிளேயர் போதும். இரண்டு மூன்று நிமிடத்தில் ஹீட் சிங்க் கை வைக்க முடியாத சூடாகும், ஐந்து நிமிடம் ஆறவிடுங்கள். மாஸ்ஃபெட் செத்துவிட்டதா என்ற சந்தேகத்துக்கு மல்டிமீட்டரை டயோட் சோதனையில் வைத்து மாஸ்ஃபெட்டின் டிரெயின், சோர்ஸ் என்ற இரண்டு கால்களையும் தொடுங்கள். முள்ளை மாற்றி வைத்தாலும் பீப் அடித்தால் போய்விட்டது. சென்னையின் எலக்ட்ரானிக்ஸ் கடைத்தெருவான ரிச்சி தெருவுக்குப் போகும்போது ஸ்பேர் இரண்டு எடுத்து வைத்துக்கொள்வது நல்லது.

மின்னலை விரலால் தொடாதீர்கள். அதிர்வெண் அதிகம் என்பதால் ஷாக் பெரிதாகத் தெரியாது, ஆனால் தோல் புள்ளி புள்ளியாகக் கருகும். பேஸ்மேக்கர், காதுக்கருவி வைத்திருப்பவர்கள் இருக்கும் அறையில் ஓட்டவே கூடாது.

இலவச ஆற்றல் கதைக்கு வருவோம். 24 வோல்ட், 2 ஆம்பியர் என்றால் உள்ளே போவது அதிகபட்சம் 48 வாட். வெளியே வருவது அதைவிடக் குறைவு. மிச்சம் ஹீட் சிங்க்கில் சூடாகப் போகிறது. ஒத்ததிர்வு வோல்டேஜை ஏற்றும், வாட்டை ஏற்றாது. 1899இல் அமெரிக்காவின் கொலராடோ ஸ்பிரிங்ஸில், இந்தக் காயிலைக் கண்டுபிடித்த நிகோலா டெஸ்லா பிரம்மாண்டமான காயில்களை ஓட்டியபோதும் மின்சாரம் ஊர் மின்நிலையத்திலிருந்துதான் வந்தது.

பார்சல் வந்ததும் முதல் வேலை, செகண்டரியை வெளிச்சத்தில் திருப்பிப் பார்ப்பது. ஒரு சுற்று இன்னொன்றின் மேல் ஏறியிருந்தால் அந்த இடத்தில் உள்ளுக்குள்ளேயே பொறி பறந்து சுருள் கருகிவிடும். சால்டர் வைப்பதற்கு முன்பே ரிட்டர்ன் போட்டுவிடுங்கள். வைத்த பிறகு யாரும் திரும்ப எடுக்க மாட்டார்கள்.