பூசுவதற்கு முன்னால் சுவரைப் பார்த்துவிடுங்கள்

வீட்டில் கன்சீல்டு வயரிங் (சுவருக்குள் பைப் பதித்து ஒயர் இழுப்பது) வேலை நடக்கிறவர்கள் தயவுசெய்து இதைப் படியுங்கள். முழு வீட்டுக்கும் பைப் போட்டதாகப் பணம் வாங்கிய கான்ட்ராக்டர், எங்கள் வீட்டில் பல இடங்களில் பைப்பே இல்லாமல் ஒயரை அப்படியே சிமென்ட்டில் புதைத்திருக்கிறார்.

ஏசியால்தான் தெரிய வந்தது. அது ஓட ஆரம்பித்தால் குழந்தைகள் படுக்கிற அறையில் ஒரு பக்கச் சுவர் சுடும். மின்னோட்டம் அளவு மீறினால் தானாக விழும் எம்சிபி சுவிட்ச் ஒருமுறைகூட டிரிப் ஆகவில்லை. வேறொரு எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டோம். மெயினை நிறுத்தி, ஏசி பாயின்ட்டைக் கழற்றி ஒயரை இழுத்துப் பார்த்தார். அசையவே இல்லை. "பைப்புக்குள்ள இருந்தா இழுக்க இழுக்க வரணும் சார்" என்றார்.

சுவரை உடைத்தோம். ஒயர் நேராக இறங்காமல் மூலைவாட்டில் ஓடியிருந்தது. நடுவழியில் ஒரு ஜாயின்ட்: வெறுமனே முறுக்கி, டேப் சுற்றி, மேலே பூசிவிட்டார்கள். டேப் கருகிப் பிசுபிசுவென்று கையோடு வந்தது, உள்ளே செம்பு கறுத்துக் கிடந்தது. பில்லில் 4 ஸ்கொயர் (குறுக்குப் பரப்பு 4 சதுர மி.மீ.) ஒயர் என்று இருக்கிறது. ஜாயின்ட்டுக்கு அந்தப் பக்கம் இருந்ததோ மெல்லிய 1.5.

ஜாயின்ட் லூஸாக இருந்தால் அங்கே மின்தடை கூடி அந்த இடம் மட்டும் கொதிக்கும். மின்னோட்டம் அளவு மீறாததால் எம்சிபி விழாது. மின்கசிவைக் கண்டு நிறுத்தும் ஆர்சிசிபியும் கசிவு இல்லாதவரை விழாது. அதனால்தான் ஜாயின்ட் எப்போதும் திறந்து பார்க்கக்கூடிய பாக்ஸுக்குள் இருக்க வேண்டும் என்கிறார்கள். மூலைவாட்டில் ஒயர் போனதும் சின்ன விஷயமில்லை. படம் மாட்ட ஆணி அடிக்கிறவர் சுவிட்சுக்கு நேர் மேலேயும் கீழேயும் மட்டும்தான் அடிக்காமல் ஒதுங்குவார். குறுக்கே போகிற ஒயர் யாருக்குத் தெரியும்?

கான்ட்ராக்டரைக் கேட்டால் "எல்லாரும் இப்படித்தான் செய்றாங்க" என்றார். அப்புறம் போனை எடுப்பதே இல்லை. இப்போது ஒவ்வொரு சுவராக உடைத்துக்கொண்டிருக்கிறோம்.

பைப் பதித்ததும், பூசுவதற்கு முன், அளவு டேப்பைச் சுவரில் வைத்து எல்லாச் சுவரையும் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். பூச்சு காய்ந்த பிறகு உங்கள் கண்முன்னே ஒயர் இழுக்கச் சொல்லுங்கள். ஒயர் சுருளில் அச்சிட்டிருக்கும் அளவைப் படியுங்கள். கடைசிப் பணம் கொடுக்கும் முன் 500 வோல்ட் மெக்கர் (ஒயரின் இன்சுலேஷனைச் சோதிக்கும் கருவி) வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள், 1 மெகாஓமுக்குக் கீழே காட்டினால் பணம் கொடுக்காதீர்கள். லூஸ் ஜாயின்ட்டை மெக்கர் காட்டாது. அதற்குத்தான் அந்தப் போட்டோவும், கண்முன்னே ஒயர் இழுக்கச் சொல்வதும். போட்டோ எடுக்க விடாத ஆளைப் பூச்சு வேலையைத் தொடங்கவே விடாதீர்கள்.