கண்ட சாட்சியா, "நான் அங்கில்லை" என்ற வாதமா?

ஐந்தாறு பேர் சேர்ந்து செய்த கொலை. வவுனியா மேல் நீதிமன்றத் தீர்ப்பு கொழும்புக்கு மேன்முறையீடாகப் போகிறது என்று வைப்போம். கண்ட சாட்சி ஒருவரே போதும். சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு ஆள்கணக்குப் பார்ப்பதில்லை. ஆனால் பனங்கூடல் இருட்டு, ரோச் வெளிச்சம், ஓடும் கும்பல். முன்பே பழகிய முகமா? பொலிசாரிடம் முதல் நாளே பெயர் சொன்னாரா? பத்து நாள் கழித்து வந்த பெயரை நம்ப எனக்கு மனம் வராது.

"அன்றிரவு வயலில் யானைக் காவல்" என்பது மறுபக்கம். எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், அதை நிரூபிக்கத் தேவையில்லை, நியாயமான சந்தேகம் எழுந்தாலே போதும். அது பொய்த்தாலும் அரச தரப்பின் ஓட்டை அடைபடாது. சரி, அதற்கு எதிரியின் மைத்துனர் மட்டும்தான் சாட்சி என்றால்? உறவென்று தள்ளிவிடக் கூடாது. நள்ளிரவுக் காவலுக்கு வேறு யார் வருவார்? ஒருவரின் வாதம் நின்றால், மற்றவர்களை அதே கண்ட சாட்சி அடையாளம் காட்டியதையும் மீண்டும் உரசிப் பார்க்க வேண்டும்.