வேலூர் வெயிலில் பன்றிக்குச் சேற்றுக் குழியா, தெளிப்பானா?

கத்திரி வெயிலில் காட்பாடிப் பக்கம் 40 டிகிரியைத் தாண்டும்போது வெண்பன்றி வளர்ப்பவர்களுக்கு வரும் கேள்வி இது. பன்றிக்கு வியர்வைச் சுரப்பி பேருக்குத்தான் இருக்கிறது, சூடு தணிகிற அளவுக்கு வியர்க்காது, இயல்பான உடல் வெப்பமே ஏறக்குறைய 39 டிகிரி, அதனால் வெளியிலிருந்து ஈரம் கிடைத்தே ஆகணும்.

சேறு நன்றாகவே வேலை செய்யும். வெறும் தண்ணீர் சீக்கிரம் காய்ந்துவிடும். தோலில் அப்பிய சேறு ஈரத்தை ரொம்ப நேரம் பிடித்துவைத்து, அது ஆவியாக ஆக உடம்புச் சூட்டையும் இழுத்துக்கொண்டு போகும், வெள்ளைத் தோல் வெந்து சிவக்காமலும் காக்கும். ஆனால் சாணமும் மூத்திரமும் கலந்து குழி நாறிவிடும், குடற்புழுத் தொல்லை வேறு.

தெளிப்பான் சுத்தம். ஆனால் மோட்டாரை விடாமல் ஓட்டினால் தண்ணீர்தான் வீண். ஓரிரு நிமிடம் நனைத்து நிறுத்தி, தோல் காய்ந்ததும் மறுபடி விட வேண்டும். காற்றே புகாத தகரக் கொட்டகை என்றால் புழுக்கம்தான் மிஞ்சும்.

சிமென்ட் தரையும் மின்விசிறியும் இருந்தால் நான் தெளிப்பான் பக்கம்தான். திறந்தவெளி வளர்ப்பென்றால் நிழலில் சேறு, அடிக்கடி மண்ணை மாற்றுங்கள். அப்புறம், பிறந்த குட்டிகளுக்கு இரண்டுமே வேண்டாம்: சூடு தரும் பழுப்புக் கொழுப்பு அவற்றுக்குக் கிடையாது, 30 டிகிரிக்கு மேல் கதகதப்பு வேண்டும்.